சந்தைக்குப் போன பூசணிக்காய்

உட்காருங்க. அந்த நாற்காலி வேண்டாம், அதுக்கு ஒரு கால் சரியில்ல. போன தடவை என்னைப் பார்க்க வந்தவர் அதுலதான் உட்கார்ந்தார். பேச ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடியே சாஞ்சுட்டார். இந்த நாற்காலியில உட்காருங்க. தண்ணித் தொட்டியோட நிழல் இந்தப் பக்கம்தான் விழும்.

நான் அதிகம் பேச மாட்டேன். அதை முதல்லயே சொல்லிடுறேன், அப்புறம் நீங்க ஏமாந்துடக் கூடாது. பி.எஸ்ஸி. தாவரவியல் மூணு வருஷம் படிச்சேன். வகுப்புல என் குரல் கேட்டதுன்னா பேர் கூப்பிடும்போது மட்டும்தான். அதுவும் பாதி நாள் பக்கத்துல இருக்கிற ஜெபராணி எனக்கும் சேர்த்துச் சொல்லிடுவா. 'செண்பகவல்லிக்குக் குரல் கொடுக்க மறந்துட்டாரு கடவுள்'னு எங்க மேடமே சொல்லுவாங்க.

நீங்க ஏதோ சொல்ல வந்தீங்க. இருங்க, முதல்ல நான் சொல்லிடுறேன். நிறுத்திட்டா எனக்குத் தைரியம் போயிடும். 'பொண்ணும் பையனும் மாடியில அஞ்சு நிமிஷம் பேசட்டும்'னு உங்க மாமா கீழே பெரிய மனசு பண்ணிச் சொல்லியிருக்கார். படிக்கட்டுல எங்க சித்தி நிக்கிறாங்க. அந்தப் பக்கம் திரும்பாதீங்க. நீங்க திரும்பினா அவங்க துணி எடுக்க வந்த மாதிரி மேலயே வந்துடுவாங்க.

நேராக் கேட்டுடுறேன். உங்க செல்லுல என் வீடியோ இருக்கா?

ஐயோ, அப்படிப் பார்க்காதீங்க. அந்த மாதிரி வீடியோ இல்ல. பஸ் வீடியோ. பூசணிக்கா வீடியோன்னு சொல்லுவாங்க. சரி, தலையைக் குனிஞ்சுட்டீங்க. அப்ப இல்லன்னு எடுத்துக்கிறேன். கீழே உங்க அம்மா சொன்னாங்களே, 'எங்க பையன் செல்லுல சினிமாப் பாட்டு ஒண்ணு கிடையாது, எந்நேரமும் நாகஸ்வரம்தான்'னு. அதைக் கேட்டதும் எனக்கு அவ்வளவு நிம்மதி. நாகஸ்வரம் கேக்கிற ஆளுகிட்ட அந்த வீடியோ எங்கேருந்து வரப் போகுது?

ஆனா ஏமாத்திக் கல்யாணம் பண்ணிக்கக் கூடாது இல்லையா. நம்ம ரெண்டு ஜாதகத்துக்கும் பத்துக்கு நாலு பொருத்தம்தான் இருக்குன்னு ஜோசியர் சொல்லிட்டார். அப்படியும் நீங்களா ஆள் விட்டுக் கேட்டிருக்கீங்க. எங்க அப்பாவுக்கு ஆச்சரியம் தாங்கல. 'பாவம், விஷயம் தெரியாதவங்க போல இருக்கு. தெரியிறதுக்குள்ள பூ வச்சிடுவோம்'னு அம்மாகிட்ட சொல்லிட்டு இருந்தார். எனக்கு அது பிடிக்கல. அதனால நானே சொல்லிடுறேன்.

இதுவும் தட்டிப்போச்சுன்னா எனக்கு சூரத்துதான். குஜராத்துல இருக்கிற சூரத். அங்க எங்க அப்பாவோட ஒண்ணுவிட்ட அக்கா மகன் முறுக்குக் கடை வச்சிருக்கார். நல்ல மனுஷன். முறுக்கும் நல்லாத்தான் இருக்கும். ஆனா எனக்கு பி.எட். இடம் கிடைச்சிருக்கு. ஆடியில சேரணும். சேர்ந்து முடிச்சு, ஒரு பள்ளிக்கூடத்துல பிள்ளைகளுக்கு இலையும் வேரும் சொல்லிக்கொடுக்கணும். அதைச் சொன்னா அப்பா காதுல வாங்க மாட்டேங்கிறார். அவர் கணக்கு வேற. சூரத்துல யாருக்கும் தமிழ் தெரியாது, வீடியோ அங்க வரைக்கும் போனாலும் ஒருத்தருக்கும் புரியாதாம்.

அந்த அளவுக்குப் போயிடுச்சு, பாருங்க.

போன வருஷம் நடந்தது. எனக்கு அன்னைக்கு செய்முறைத் தேர்வு. அருப்புக்கோட்டையில இருந்து விருதுநகருக்குத் தனியார் பஸ்ல போறேன். நீங்க விருதுநகர்ல எண்ணெய் மில்லுலதானே கணக்குப் பார்க்கிறீங்க? அப்ப அந்த பஸ்ஸெல்லாம் உங்களுக்கும் தெரிஞ்சிருக்கும். மடியில ஈரத்துண்டு சுத்தின செடி. வாயில செடிக் குடும்பங்களோட பேரை முணுமுணுத்துக்கிட்டே வர்றேன். முன் சீட்டுல ஒரு பெரியவர். அவர் கையில ஒரு சைனா செல்.

அந்த செல்லோட சத்தம் உங்களுக்குத் தெரியும். முதுகு பூரா ஸ்பீக்கர் ஓட்டை. தேர்த் திருவிழாவுக்கே போதும். அதுல ஒரு சின்னப் பையன் பாடிக்கிட்டு வர்றான்.

'பூசணிக்கா பூசணிக்கா எங்க போற? சந்தைக்குத்தான் சந்தைக்குத்தான் உருண்டு போறேன்.'

அவ்வளவுதான் பாட்டு. முடிஞ்சதும் மறுபடியும் ஆரம்பிக்கும். முடியும், ஆரம்பிக்கும். பஸ்ல இருந்த அத்தனை பேரும் உச்சுக் கொட்டுறாங்க, நெளியுறாங்க, ஜன்னல் வழியா வெளியே பார்க்கிறாங்க. ஒருத்தரும் வாயைத் திறக்கல. கண்டக்டர் ஒரு தடவை 'பெரியவரே'ன்னு கூப்பிட்டார். கூப்பிட்டுட்டு டிக்கெட் கிழிக்கப் போயிட்டார். நான் முணுமுணுத்த குடும்பமெல்லாம் ஒவ்வொண்ணா உருண்டு போகுது. கடைசியில பூசணிக் குடும்பம் ஒண்ணுதான் தலையில நிக்குது.

எனக்கு என்ன வந்துச்சுன்னு தெரியல. எழுந்திரிச்சேன். நான் எழுந்திரிச்சதே எனக்கு அதிர்ச்சி. இப்ப உங்ககிட்ட பேசுற மாதிரி இல்ல, முழு பஸ்ஸுக்கும் கேக்கிற மாதிரி சொன்னேன்.

'ஏங்க, அந்தப் பூசணிக்கா அருப்புக்கோட்டையில கிளம்புச்சு, பாலவநத்தமும் தாண்டியாச்சு! இந்நேரம் அது சந்தைக்குப் போய், விலைபோய், வாங்கினவங்க கூட்டு வச்சுத் தின்னு, ஏனத்தையும் கழுவிக் கவுத்திருப்பாங்க! உங்க செல்லுல மட்டும் இன்னும் உருண்டுக்கிட்டே இருக்கே!'

சிரிக்கிறீங்க. பரவாயில்ல, எல்லாரும் சிரிக்கிற இடம்தான் அது. 'ஏனத்தையும் கழுவி'ன்னு வரும்போது நான் கையை இப்படிக் கவுத்துக் காட்டியிருப்பேன். அதை வீடியோவுல பார்த்துத்தான் எனக்கே தெரியும். பஸ்ஸே குலுங்குது. கண்டக்டர் விசில் ஊத மறந்து ஒரு ஸ்டாப்பைத் தாண்டிட்டார். அந்த நேரத்துல பின்னாடி எவனோ ஒருத்தன் செல்லைத் தூக்கிப் பிடிச்சுப் படம் எடுத்திருக்கான். எல்லார் செல்லுலயும் கேமரா கிடையாதே. கேமரா இருக்கிறவங்க கை சும்மா இருக்காது.

ஊருல எல்லாரும் பார்த்தது இவ்வளவுதான். 'உருண்டுக்கிட்டே இருக்கே'ன்னு நான் கத்துறதோட வீடியோ நின்னுடும். வயசான மனுஷனை நடு பஸ்ல வச்சுக் கத்தின பொண்ணு. அதோட நான் முடிஞ்சேன்.

அதுக்கப்புறம் என்ன நடந்துச்சுன்னு ஒருத்தருக்கும் தெரியாது. அவர் திரும்பிப் பார்த்தார். கோபமே இல்ல. கண்ணெல்லாம் கலங்கியிருக்கு. 'எனக்கு நிறுத்தத் தெரியல தாயி. காலையில எதையோ அமுக்கிட்டேன். துண்டுல சுத்திப் பார்த்தேன், மேல உட்கார்ந்தும் பார்த்தேன். நிக்க மாட்டேங்குது'ன்னார். அது அவர் பேரன். திருப்பூர்ல இருக்கானாம். லீவுக்கு வந்தவன் பாடி, அதுல ஏத்திக் கொடுத்துட்டுப் போயிருக்கான்.

நான் போய் அவர் பக்கத்துல உட்கார்ந்தேன். செல்லை வாங்கி நிறுத்தினேன். பஸ் அமைதியாயிடுச்சு. அதுதான் தாங்கல. அவர் செல்லைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறார்.

'அழிஞ்சுட்டானா தாயி?'

'இல்ல தாத்தா. உள்ளதான் இருக்கான்.'

'எங்க?'

அவர் விரலைப் பிடிச்சு எந்த பட்டன்னு காட்டிக் கொடுத்தேன். அதுக்கப்புறம் ஒண்ணு சொன்னேன். சொன்னது மட்டுமில்ல, ஒண்ணு பண்ணவும் பண்ணேன். அது என்னன்னு கேக்காதீங்க, சொல்ல மாட்டேன். கூச்சமா இருக்கு.

என்னங்க, நீங்களும் வாயைத் திறக்கிறீங்க, மூடுறீங்க. கூச்சமா? எனக்கும் அப்படித்தான். நமக்கு ஒத்துப்போகும்.

'செண்பகம், பேசியாச்சாம்மா?'

இப்பதான் ஆரம்பிச்சிருக்கோம் சித்தி!

பார்த்தீங்களா, அதுக்குள்ள கூப்பிடுறாங்க. எதுல விட்டேன்? ஆங். ஒரு வாரம் ஒண்ணும் தெரியல. அப்புறம் எங்க தெருவுல கோலிக்குண்டு விளையாடுற பொடியன் ஒருத்தன் என்னைப் பார்த்ததும் கையை இப்படிக் கவுத்துக் காட்டுறான். ஜெபராணி ஓடி வந்து, 'ஏய், எங்க அண்ணன் செல்லுல நீ இருக்க'ங்கிறா. அன்னையில இருந்து நான் பூசணிக்கா அக்கா. வகுப்புல பூசணிக் குடும்பம் நடத்தும்போது மேடம் கரும்பலகைப் பக்கம் திரும்பிக்கிட்டே குலுங்குறாங்க. எங்க வீட்டு வாசல்ல திருஷ்டிக்குப் பூசணிக்கா கட்டியிருந்தோம். போறவன் வர்றவனெல்லாம் அதுக்குக் கீழே நின்னு படம் எடுக்க ஆரம்பிச்சுட்டான். அப்பா அவுத்துப் போட்டுட்டார். இப்ப எங்க வீட்டுல கூட்டுக்குச் சுரைக்காய்தான். எனக்குச் சுரைக்காய் பிடிக்காது.

கத்தார்ல இருந்து எங்க பெரியப்பா மகன் போன் பண்றான். 'அக்கா, இங்க எங்க கேம்ப்ல எல்லார்கிட்டயும் இருக்க. மலையாளத்துக்காரன்கூட வச்சிருக்கான்'னு. சிங்கப்பூர்லயும் இருக்காம். பெருமைக்குச் சொல்லல. எவ்வளவு தூரம் கேவலப்பட்டிருக்கேன்னு உங்களுக்குத் தெரியணும் இல்லையா. அதுலயும் சில பேர் வச்சிருக்கிறது மங்கல், முகமே தெரியாது. கை மாறிக் கை மாறித் தேஞ்சு போயிடுது. பெத்துராஜ் கடையில ஏத்துறதுதான் தெளிவு.

அந்தக் கடையைப் பத்திச் சொல்லணும். முதல்ல ஒரு வரன் வந்தது. அந்தப் பையனோட அம்மா கேசரியை வாயில வச்சுக்கிட்டே என் குரலைக் கேட்டாங்க. கேசரியை முழுங்கல. 'நீ அந்தப் பொண்ணா?'ன்னாங்க. அப்புறம் ஒருத்தர் இதே மாடியில, 'கோவிச்சுக்காதீங்க, எனக்காக ஒரே ஒரு தடவை சொல்லிக் காட்டுங்க'ன்னார். நான் சொல்லிக் காட்டல. நாற்காலியில இருந்து சாஞ்சவரைப் பத்தி ஏற்கெனவே சொல்லிட்டேன். சாஞ்சதும் நான் 'அடிபட்டுச்சா'ன்னு கொஞ்சம் சத்தமாக் கேட்டுட்டேன். அந்தச் சத்தத்துல கண்டுபிடிச்சுட்டார். அவர் போனதும்தான் அப்பா சூரத்துப் பேச்சை எடுத்தார். எனக்குப் பொறுக்கல. இது எங்க இருந்து கிளம்புச்சுன்னு பார்த்துடுவோம்னு விசாரிக்கப் போனேன்.

விருதுநகர் பஸ் ஸ்டாண்டு பக்கத்துல இருக்கு கடை. மெமரி கார்டுல பாட்டு, வீடியோ ஏத்தித் தரப்படும்னு போர்டு. அதுக்குக் கீழே அட்டையில கையால எழுதித் தொங்குது, 'நூறு பாட்டு ஏத்தினால் பூசணிக்கா இலவசம்'னு. கண்ணால பார்த்தேங்க. என்னை இலவசமா கொடுத்துக்கிட்டு இருக்கார்.

உள்ள போனதும் பெத்துராஜ் எழுந்தே நின்னுட்டார். 'அக்கா! நீங்களா! உங்களாலதான்க்கா கடை ஓடுது. டேய், அக்காவுக்கு ஒரு ஜூஸ் சொல்லு!' நான் ஜூஸ் குடிக்கல. வந்த பிறகு வீணாக்கக் கூடாதுன்னு பாதிதான் குடிச்சேன்.

'அண்ணே, அந்த வீடியோவுல பின்னாடி இன்னும் கொஞ்சம் இருந்திருக்குமே?'

'இருந்துச்சும்மா. நான்தான் வெட்டிட்டேன். சிரிப்பு முடிஞ்ச பிறகு ஜனம் எதுக்கு உட்கார்ந்திருக்கணும்? நீளமா இருந்தா எம்.எம்.எஸ்.ல வேற போகாது.'

'அந்த முழுசு எங்கண்ணே?'

'அழிச்சுட்டேனே. கம்ப்யூட்டர்ல இடம் வேணாமா? புதுப் படம் வந்துக்கிட்டே இருக்கு.'

'உங்களுக்கு யார் கொடுத்தா?'

'யாரும் கொடுக்கலம்மா. ஒருத்தர் பாட்டு ஏத்தச் சொல்லிக் கார்டைக் கழட்டிக் கொடுத்தாரு. ஏத்தும்போது அதுல என்ன இருக்குன்னு ஒரு பார்வை பார்ப்போம்ல. நல்லா இருந்துச்சு, எடுத்து வச்சுக்கிட்டேன்.'

'ஆள் எப்படி இருந்தார்?'

'முகம் ஞாபகம் இல்லம்மா. எனக்கு ஆளு முகம் நிக்காது, பாட்டுதான் நிக்கும். அவரு கார்டு முழுக்க நாகஸ்வரம் கேட்டாரு. என்கிட்ட கல்யாண வீட்டுல போடுறது ஒண்ணே ஒண்ணுதான் இருந்துச்சு. அதையே ஏத்திக்கிட்டுப் போனாரு.'

நாகஸ்வரம்! அங்கேயே எனக்குப் பொறி தட்டிடுச்சு. நான் எதையும் நல்லாக் கவனிப்பேன், பேசாதவங்களுக்கு அது ஒரு வரம். நாகஸ்வரம் கேக்கிற ஆளுன்னா கட்டாயம் அறுபது வயசுக்கு மேல. கோயில் தர்மகர்த்தா, இல்லன்னா ரிட்டயர் ஆன அதிகாரி. எங்க சிவன் கோயில் எதிர்ல ஒரு பழைய தாசில்தார் இருக்கார். சாயங்காலமானா அவர் வீட்டுல நாகஸ்வரம் கேக்கும். நானும் அவர் வாசல்ல போய்ப் போய் நிக்கிறேன், முறைச்சுப் பார்க்கிறேன். அவர் ஒரு நாள் வெளியே வந்து, 'என்னம்மா, மனு கொடுக்கணுமா? நான் ரிட்டயர் ஆயிட்டேனே'ன்னார். எவ்வளவு சாமர்த்தியம் பாருங்க, முகத்துல ஒண்ணுமே காட்டிக்கல. இன்னைக்கு வரைக்கும் எனக்கு அவர் மேலதான் சந்தேகம்.

என்னாச்சு, புரையேறிடுச்சா? தண்ணி கொண்டு வரச் சொல்லவா? வேர்க்குது வேற உங்களுக்கு. நிழல் நகர்ந்துடுச்சு, நாற்காலியைக் கொஞ்சம் இழுத்துப் போட்டுக்குங்க.

அந்த ஆள் மட்டும் என் கையில கிடைக்கட்டும். ஒரு பொம்பளப் பிள்ளையைக் கேக்காம நீ எப்படிப் படம் எடுக்கலாம்னு கேப்பேன். எடுத்ததுதான் எடுத்த, அந்தக் கார்டை அப்படியே கழட்டிக் கொண்டுபோய்க் கடையில நீட்டுவியா? வீட்டைத் திறந்து போட்டுட்டு எல்லாரும் வாங்கன்னு கூப்பிடுற மாதிரி? உனக்கென்ன, நீ பாட்டுக்கு நாகஸ்வரம் கேட்டுக்கிட்டு இருப்ப. இங்க நான் சூரத்துல முறுக்கு சுத்தப் போறேன். அப்படின்னு நாக்கைப் பிடுங்கிக்கிற மாதிரி கேப்பேன்.

அப்புறம்... அப்புறம் அந்த மிச்சம் இன்னும் உன்கிட்ட இருக்கான்னும் கேப்பேன். இருக்குன்னு சொன்னா, மத்ததைக் கொஞ்சம் மெதுவாக் கேப்பேன்.

அவ்வளவுதான் என் கதை. நீங்க இப்ப கீழே போய் வேண்டாம்னு சொன்னாலும் நான் தப்பா நினைக்க மாட்டேன். நீங்க ஏதாவது காரணம் தேடிச் சொல்ல வேண்டியதில்ல, ஜாதகம்னு சொல்லிடுங்க, கௌரவமா இருக்கும். ஒண்ணே ஒண்ணு மட்டும் நம்புங்க. நான் அந்தத் தாத்தாவைத் திட்டிட்டு அப்படியே இறங்கிப் போனவ இல்ல. அதுக்குச் சாட்சி கிடையாது. நான் சொல்றதுதான் சாட்சி.

உங்க செல் அடிக்குது பாருங்க. கீழேயிருந்து உங்க அம்மாவாத்தான் இருக்கும், இவ்வளவு நேரமான்னு. எடுங்க.

இது என்ன, நாகஸ்வரம் இல்லையே. யாரோ பொண்ணு பேசுற மாதிரி இருக்கே.

'தாத்தா, இன்னொரு தடவை போடுங்க. கேப்போம்.'

இதை நான் எங்கேயோ...

'பூசணிக்கா பூசணிக்கா எங்க போற...'

அந்தப் பையன். அந்தப் பையன் கூட ஒரு பொண்ணும் சேர்ந்து பாடுறா. சந்தைக்குத்தான், சந்தைக்குத்தான்னு. சுதியும் இல்ல, ஒண்ணும் இல்ல. யாருங்க இவ்வளவு மோசமா...

எடுக்காதீங்க.

எடுக்காதீங்கன்னு சொல்றேன்ல! பட்டன்ல இருந்து விரலை எடுங்க. முழுசா ஓடட்டும்.

நின்னுடுச்சு.

கடைசியில அவர் சிரிச்சது கேட்டுச்சா? தாத்தா சிரிச்சார், கேட்டுச்சுல்ல? அவர் சிரிச்சாருன்னு நான் சொன்னா எங்க அம்மாகூட நம்பல.

'செண்பகம், என்னடி சத்தம்? முடிஞ்சுதா இல்லையா?'

முடியல சித்தி! அவங்களை இன்னொரு காபி குடிக்கச் சொல்லுங்க. அவர் இன்னும் பேசவே ஆரம்பிக்கல!

எழுந்திரிக்காதீங்க. இல்ல, எழுந்திரிங்க. அந்த நாற்காலிக்கு மாறுங்க. ஆமா, அதேதான், கால் சரியில்லாதது. சாஞ்சா சாயட்டும்.

பாவம், அந்தத் தாசில்தார்.

ம், உட்கார்ந்தாச்சா? முதல் கேள்வி. என்னைக் கேக்காம எப்படி எடுத்தீங்க? நிதானமா, ஒண்ணு விடாம சொல்லுங்க. நான்தான் அதிகம் பேச மாட்டேனே.